ஜேபஸ் போட்ட சத்தம்

எங்கள் ஊரில் ஈனாக்கை யாரும் தனியாகச் சொன்னதில்லை. ஈனாக்-ஜேபஸ் என்று ஒரே மூச்சில்தான் சொல்வார்கள். எங்கள் கால்பந்து கிளப்பின் பின்காவல் ஆட்டக்காரர்கள் இருவரும். நூற்பாலை வேலையை ஒரே நாளில் விட்டு, பந்து உதைத்துச் சம்பளம் வாங்க வந்தவர்கள். தங்கியதும் ஒரே அறை. ஈனாக் முன்னே பாய்ந்து ஆளை மறிப்பான். அவன் தலைக்கு மேல் வரும் பந்துக்கு, "விடுடா, எனக்கு!" என்று பின்னாலிருந்து ஜேபஸ் கத்துவான். ஈனாக் திரும்பிக்கூடப் பார்க்காமல் விட்டுவிடுவான். அந்தக் கால்களுக்கெல்லாம் தைலம் தேய்ப்பவன் நான். இப்படி ஒரு ஜோடியை இங்கிலாந்தில் எங்கள் லங்காஷயர் மாவட்டம் முழுக்கத் தேடினாலும் கிடைக்காது.

போன கோடையில் கிளப்பை நடத்தும் கனவான்கள், அதாவது ஒரு கசாப்புக் கடைக்காரரும் ஒரு பீர் ஆலை முதலாளியும், ஜேபஸைப் பக்கத்து ஊர் கிளப்புக்கு விற்றுவிட்டார்கள். அவனை ஒரு வார்த்தை கேட்கவில்லை. மாட்டைக் கேட்டா சந்தைக்கு ஓட்டுகிறார்கள்?

அவன் இடத்துக்கு வந்த ஸ்காட்லாந்துக்காரன் நன்றாக ஆடுவான், ஆனால் வாயைத் திறக்கமாட்டான். ஈனாக் அடிக்கொரு தரம் திரும்பிப் பார்க்க ஆரம்பித்தான். திரும்புகிற நேரத்தில் எதிராளி தாண்டிப் போய்விடுவான். பயிற்சி முடிந்து எல்லாரும் கிளம்பிய பிறகும் ஈனாக் மட்டும் நான் தைலம் தேய்க்கும் பெஞ்சிலேயே கிடப்பான்.

"இன்னும் கொஞ்சம் தேய்ங்கண்ணே."

"காலு நல்லாத்தானேடா இருக்கு?"

"ரூமுக்குப் போயி என்னண்ணே பண்றது?"

மறுபடியும் தைலத்தை எடுத்தேன். தேய்த்தேன்.

சீசனின் கடைசி ஆட்டம் ஜேபஸின் கிளப்போடு. "இன்னிக்குச் சொதப்பினா திரும்ப ஆலைதான்" என்று கசாப்புக்காரர் ஈனாக்கின் முகத்துக்கு நேரே சொல்லிவிட்டார். அன்று ஈனாக் உயிரைக் கொடுத்து ஆடினான். வெகுநேரம்வரை இரண்டு பக்கமும் கோல் இல்லை. முடியும் நேரத்தில் அவர்களுக்கு ஒரு கார்னர் கிடைத்தது. ஆள் உயரமாயிற்றே, ஜேபஸும் எங்கள் கோலுக்கு முன்னால் வந்து நின்றான். பந்து ஈனாக்கின் நெற்றிக்கு நேராக வந்தது. வெளியே முட்டித் தள்ள எம்பினான்; பக்கத்தில் அவர்கள் ஆள் ஒருவனும் எம்பினான்.

"விடுடா, எனக்கு!"

ஈனாக் தலையைத் தாழ்த்தி வழிவிட்டான். பின்னாலிருந்த ஜேபஸ் முட்டினான். கோல்.

"காசு வாங்கிட்டான்டா!" என்று கூட்டம் கத்தியது. தன் வாழ்நாளில் ஒரு பைசா திருடாதவனைப் பார்த்துக் கத்தியது.

உடை மாற்றும் அறைக்கே வந்துவிட்டார் கசாப்புக்காரர். "ஏன்யா விட்ட? வாயத் தொறந்து சொல்லு!"

ஈனாக் குனிந்து பூட்ஸ் கயிற்றை அவிழ்த்தான்.

"திங்கக்கிழமை ஆலைக்குப் போயிடு. இங்க உனக்கு வேலையில்ல."

அவர் போன பிறகு ஜேபஸ் வாசலில் வந்து நின்றான். முகம் வெளுத்திருந்தது.

"நான் எங்க பயலத்தான்டா விடச் சொன்னேன். சத்தியமா. நீ எதுக்குடா விட்ட?"

"நீ சொன்னியேடா."

வெளியே அவன் ஆட்கள் ரயிலுக்கு நேரமாகிறதென்று கூப்பிட்டார்கள். ஜேபஸ் கண்ணைத் துடைத்துக்கொண்டு ஓடினான். ஈனாக் என் பெஞ்சில் போய்ப் படுத்துக் காலை நீட்டினான்.

"ஒரு வருஷமாச்சுண்ணே, அப்படி ஒரு சத்தம் கேட்டு" என்றான்.