கட்டைவிரலார் மிதந்த வருஷங்கள்

வணிகப் பெருமக்களுக்கும் வாடிக்கையாளப் பெருமக்களுக்கும் இருவருக்கும் நடுவில் மாட்டிக்கொண்ட மற்றவர்களுக்கும் இதனால் அறிவிக்கப்படுவது யாதெனில்: வாணிபத்துக்கும் சமநிலைக்கும் அதிபதியும், விண்ணையும் மண்ணையும் இரண்டு தட்டில் தாங்கி நிற்பவரும், வணிகர் சங்கக் கட்டடத்தின் முகப்பில் பல தலைமுறையாகச் சுதைச் சிற்பமாய் நின்று காக்கை எச்சம் வாங்கியவருமான இருதட்டர், மழை ஓய்ந்த ஒரு செவ்வாய்க்கிழமை காலையில் நேரிலேயே கடைத்தெருவுக்கு எழுந்தருளினார். எழுந்தருளியவர் முதலில் கேட்டது குடிக்கத் தண்ணீர். கால் வீங்கியிருந்ததால் அடுத்து ஒரு முக்காலி கேட்டார். பருப்புக்கடை வாசலில்தான் நிழல் இருந்தது, அங்கேயே உட்கார்ந்தார். ஓய்வு பெறும் நாளை எண்ணிக்கொண்டிருக்கும் அரசாங்க ஊழியரின் முகம் அவருக்கு. தோளில் தொங்கிய தராசில் துரு ஏறியிருந்தது.

அன்று மத்தியானத்திலிருந்தே வியாபாரிகளுக்கு எடை குறைய ஆரம்பித்தது. விதி ஒன்றும் சிக்கலானதல்ல. வாங்க வந்தவருக்கு எவ்வளவு குறைத்துப் போட்டார்களோ, அவ்வளவும் போட்டவர் உடம்பிலிருந்து கழிந்தது. முந்தைய வருஷங்களில் குறைத்ததும் சேர்ந்து கழிந்தது. யாரும் மெலியவில்லை. தொப்பை தொப்பையாகவே இருந்தது, கனம் மட்டும் போயிற்று. சங்கத் தலைவர் சர்க்கரை மொத்த வியாபாரி என்பதால் நேராகக் கூட்ட அறையின் விட்டத்துக்கே போய்விட்டார். அங்கே முதுகை ஒட்டிக்கொண்டபடி, இருதட்டரை வரவேற்று ஒரு தீர்மானம் நிறைவேற்றினார். “தலைவர் என்னைக்குமே நம்மையெல்லாம் விட உயரத்துல இருக்கிறவர்” என்று செயலாளர் புகழ்ந்தார். கைதட்டியவர்கள் தட்டிய வேகத்தில் கொஞ்சம் எழும்பினார்கள். பிறகு யாருக்கோ ஒரு யோசனை தோன்றியது: எடைக்கற்களை இடுப்பில் கட்டிக்கொண்டால் தரையில் நிற்கலாமே. அவரவர் கல்லுக்கு அடியில் குடைந்திருக்கிறது என்று அவரவருக்குத் தெரியும். ஆகவே பக்கத்துக் கடைக்காரரின் கல்லை வாங்கிக் கட்டிக்கொண்டார்கள். கடைத்தெரு முழுவதும் கல் கைமாறியது. சாயங்காலம் எல்லோரும் கல்லோடு மிதந்தார்கள்.

பருப்புக்கடைக்காரருக்கு ஊரில் கட்டைவிரலார் என்று பெயர். பருப்பு நிறுக்கும்போது தட்டின் ஓரத்தில் அவருடைய கட்டைவிரல் தற்செயலாக வந்து இளைப்பாறும். அவர் மனைவிக்கு ஏற்கெனவே வேலைக்குப் பஞ்சமில்லை. பருப்பில் கல் பொறுக்குவது, புடைப்பது, கடை திறப்பது, கூட்டுவது, சமைப்பது எல்லாம் அவள்தான். இப்போது காலையில் புருஷனை உத்தரத்திலிருந்து இழுத்து இறக்கிக் கல்லாப்பெட்டியோடு கட்டும் வேலையும் சேர்ந்தது. முதலில் அதை ஒரு தொந்தரவு என்றுதான் நினைத்தாள். வெங்காய மண்டிக்காரர் ஒருநாள் கூரையில்லாத இடத்தில் நின்று தும்மினார்; திரும்பி வரவில்லை. அவர் மனைவி கழுத்து வலிக்கும்வரை மேலே பார்த்துவிட்டு, போய் மண்டியைத் திறந்தாள். அதைக் கண்ட பிறகு பருப்புக்கடைக்காரி கயிற்றை இரட்டை முடிச்சாகப் போட்டாள்.

“சாமி, இவரு கீழ வர என்னதான் வழி?” என்று வாசலில் இருந்தவரைக் கேட்டாள்.

“குறைச்சதைக் கூட்டிக் குடுத்தா தானா எறங்கிடுவாரும்மா” என்றார் இருதட்டர், வீங்கிய காலைத் தடவியபடி.

கட்டைவிரலார் முயற்சி செய்யவில்லை என்று சொல்ல முடியாது. உயிர்ப்பயம் அவருக்கும் உண்டு. கூடுதலாக ஒரு பிடி பருப்பை அள்ளிப் போட்டார். விரல் ஒன்றரைப் பிடிக்கு அழுத்தியது. விரலைத் துணியால் சுற்றினார். முழங்கை போய்த் தட்டில் சாய்ந்தது. நேர்மையாக வியாபாரம் செய்யத் தொடங்கிய அந்த வாரத்தில் மட்டும் அவர் ஒரு முழம் கூடுதலாக மேலே போனார். ஆகவே அவர் மத்தியானம் உத்தரத்தில் கண்ணயரும் நேரமாகப் பார்த்து, அவள் தானே நிறுத்துக் கொடுக்க ஆரம்பித்தாள். தாராளமாகக் கொடுத்தாள். கொடுத்த கனமெல்லாம் அவருக்குப் போகாமல் அவள் மேலேயே வந்து இறங்கியது.

ஆள் பார்வைக்கு அப்படியேதான் இருந்தாள், ஒட்டிய கன்னம் உட்பட. ஆனால் படிக்கட்டு விரிசல் விட்டது, கட்டில் கால் முறிந்தது. மழைநாளில் வாசலுக்கு வந்தால் கணுக்கால் வரை புதைந்தது. ஒருநாள் பார்க்க வந்த நாத்தனார், மேலே அண்ணனையும் கீழே இவளையும் மாறி மாறிப் பார்த்தாள். “எங்கண்ணன் இப்படிக் காத்தாப் போயிட்டாரு. நீங்க மட்டும் நல்லா வெயிட்டு போட்டுட்டீங்க, அண்ணி” என்றாள். தண்ணீர் கொண்டுவரப் போனவள் அடுப்படித் தரையில் முழங்கால் வரை இறங்கிவிட்டாள். நாத்தனார் தண்ணீர் குடிக்காமலே போனாள்.

வருஷங்கள் போயின. இருதட்டர் முக்காலியை விட்டு எழவில்லை. ஒரு சாயங்காலம் அவள் அவர் முன்னால் போய், மூச்சு வாங்க நின்றாள்.

“தப்பு பண்ணினவரு மேல மிதக்கறாரு. சரி பண்ணப் போன நான் அமுங்கிக்கிட்டே இருக்கேன். இதுல என்ன நியாயம் சாமி?”

“நியாயமா? அது வேற இலாகாம்மா. நான் சமன் மட்டும்தான் பாக்கறேன்” என்றார் கடவுள். சொன்னபோது அவருக்கே கொஞ்சம் சங்கடமாக இருந்தது. ஆனால் அவர் இருக்கையை விட்டு அசையவில்லை.

மறுநாள் புடைக்கும் வேலைக்கு அவரையும் கூட்டிப்போக நினைத்தாள். முறத்தைப் பிடிக்க இரண்டு கையும் வேண்டியிருந்ததால், அவரைக் கல்லாப்பெட்டியோடு கட்டியிருந்த கயிற்றை அவிழ்த்து, அந்த நுனியைத் தன் இடுப்பில் கட்டிக்கொண்டாள். அவள் கனத்துக்கு அவர் மெல்ல இறங்கி வந்து, கால்விரல் நுனியால் தரையைத் தொட்டார். அவள் பாதம் மண்ணிலிருந்து வெளியே வந்தது. எத்தனையோ வருஷத்துக்குப் பிறகு இருவரும் ஒரே உயரத்தில் நின்றார்கள். புடைக்க வேண்டிய பருப்பு திறந்த முற்றத்தில் இருந்தது. அங்கே போனதும், ஆகாயம் மேலே அகலமாகத் தெரிந்ததும், அவள் கை தானாக முடிச்சுக்குப் போயிற்று. போன கை அங்கேயே நின்றது.

“அடியே, விட்டுறாதடி” என்றார் கட்டைவிரலார்.

“விடணும்னா எப்பவோ விட்டிருப்பேன். இப்ப விட்டா நான் பூமிக்குள்ள போயிருவேன். அந்த முறத்தை எடுங்க.”

இருதட்டர் இருவரையும் சேர்த்து ஒருமுறை பார்த்தார். “சரியா இருக்கு” என்று எழுந்தார். முக்காலியைச் சுவரோரமாக வைத்துவிட்டு அடுத்த ஊருக்கு நடந்தார். அதன் பிறகு கடைத்தெருவில் எல்லா வீட்டிலும் கயிறு வாங்கினார்கள். தன்னோடு சேர்த்துக் கட்டிக்கொள்ள யாரும் முன்வராததால் சங்கத் தலைவர் மட்டும் விட்டத்திலேயே தங்கி, ஆண்டுதோறும் போட்டியின்றித் தேர்ந்தெடுக்கப்பட்டார். புருஷனும் பெண்டாட்டியும் ஒரே கயிற்றில் கடைக்குப் போவதை வெளியூர்க்காரர்கள்கூட இப்போது நின்று பார்ப்பதில்லை. சமநிலை நிலைநாட்டப்பட்டதன் நினைவாகச் சங்கம் ஒரு கல்வெட்டு வைத்திருக்கிறது. எழுத்தெல்லாம் பொன் வண்ணம்.

பருப்பு இன்றைக்கும் எடை குறைவாகத்தான் இருக்கிறது.