கரடிக்கு அப்பாவின் குரல்

1
இந்தக் கதை கோபத்தில் பிறந்தது. டப்பிங்குக்கு வசனம் எழுதிக் குரலும் கொடுக்கும் ஃபியோனா, எங்கள் மலையூரான பிரிஞ்சாங்கின் சந்தையில் முட்டைக்கோசு பொறுக்கிக்கொண்டே இதைப் பாதிவரை சொன்னாள். மீதியைச் சொல்லாமல் போய்விட்டாள். எனக்குத்தான் வயிறு எரிகிறது.

முதல் தொடக்கம்: ‘பனி மூடிய தேயிலை மலையில் ஒரு விடியற்காலை…’ [போதும். இந்தப் பனியை எத்தனை கதைக்குத்தான் போர்த்துவது?]

இரண்டாவது: ஃபியோனா மழையைத் திட்டினாள். [இது இருக்கட்டும்.] தோட்டத்து லயன் வரிசை வீட்டின் தகரக் கூரையில் மழை இறங்கினால் ஒரு வரிகூடப் பதிவுசெய்ய முடியாது. அதனால் பிரிஞ்சாங்கில் ஒரு ஹோட்டலின் நிலத்தடி நிறுத்துமிடத்தில் காரை நிறுத்தி, கண்ணாடியை ஏற்றிவிட்டு, அதற்குள் உட்கார்ந்து பேசுவாள்.

2
வந்த வேலை ஓர் அமெரிக்கக் கார்ட்டூன். காட்டுக்குள் பள்ளிக்கூடம், அணில் டீச்சர், ஆந்தை நீதிபதி, ரொட்டி திருடும் மக்குக் கரடி. ஆங்கிலத்தில் எல்லாம் ஒரே மாதிரிதான் பேசுகின்றன. ஜப்பானியக் குழந்தைகளுக்காக டப்பிங் செய்தவர்கள் கரடிக்கு மட்டும் மலைக்கிராமத்து விவசாயியின் பேச்சைக் கொடுத்தார்களாம். பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரித்தார்களாம். தமிழில் எடுக்கும் கோலாலம்பூர் கம்பெனி ஃபியோனாவுக்கு எழுதியது: ‘ஜப்பானில் ஓடிய அதே வழி. மற்றவர்களுக்கு நல்ல தமிழ். கரடிக்கு எஸ்டேட் தமிழ்.’

நல்ல தமிழாம்! அப்போது நாங்கள் பேசுவது என்ன, ஊசிப்போன தமிழா? [கதை எழுதுகிறவர் கத்தக் கூடாது என்பார்கள். நான் கத்துவேன்.] அமெரிக்காக்காரன் கரடியைத் திருடனாக்கினான், அதற்கு ஊர் கொடுக்கவில்லை. ஜப்பானில் ஓர் ஊரைக் கொடுத்தார்கள். இங்கே எங்கள் ஊரையே தூக்கிக் கொடுத்துவிட்டார்கள்.

3
ஃபியோனா ஒரு தவறு செய்தாள். மழை ஓய்ந்த நேரத்தில் வீட்டில் பதிந்து, வெட்டாமல் அனுப்பிய குரல் மாதிரியின் கடைசியில் அவளுடைய அப்பா சூசைமுத்துவின் குரல் ஒட்டிக்கொண்டிருந்தது. முப்பது வருஷம் தோட்டத்து லோரி ஓட்டியவர்.

“மோட்டார் சாவிய எங்கம்மா வெச்ச? தேடித் தேடி மண்ட காயுதுலா!”

உடனே பதில் வந்தது: ‘இதுதான் கரடி! அவரையே பேசவையுங்கள்.’

தன் குரலைக் கேட்டுவிட்டுக் கூப்பிடுகிறார்கள் என்பது மட்டும்தான் அவருக்குத் தெரியும். ஜலாலின் டீக்கடையில் டீ ஆறிப்போகும்வரை அதே பேச்சு. பதிவுக்குக் கிளம்பும்போது சட்டைக்கு இஸ்திரி போட்டார்.

“குரல் மட்டும்தான்ப்பா கேக்கும். சட்டையெல்லாம் தெரியாது.”

“இருக்கட்டும்லா. டிவிக்குப் போறப்ப அழுக்குச் சட்டையா போடுவாங்க?”

ஃபியோனா கார் சாவியை எடுத்துக்கொண்டாள். வேண்டாம் என்றால் காரணம் சொல்ல வேண்டும். சரி என்றால் நாட்டிலுள்ள பிள்ளைகள் எல்லாம் அப்பாவின் பேச்சைக் கேட்டுச் சிரிக்கும்.

4
முடிவு அ: அவள் வேலையை உதறுகிறாள். [கைதட்டல் கிடைக்கும். அப்பாவிடம் காரணத்தை யார் சொல்வது, நானா?]

முடிவு ஆ: டீச்சருக்கும் நீதிபதிக்கும் எஸ்டேட் தமிழ், கரடிக்கு மேடைத் தமிழ் என்று மாற்றி எழுதிவிடுகிறாள். [எழுத எழுத எனக்குக் குளுகுளுவென்று இருந்தது. கம்பெனி மறுநாளே வேறு ஆளைப் போட்டுவிடும்.]

முடிவு இ: அவர்

5
[அந்த வரியை அப்படியே விட்டுவிடுகிறேன். அவள் கடைசியாகச் சொன்னது இவ்வளவுதான்:]

காருக்குள் சூசைமுத்து மூக்குக் கண்ணாடியை மாட்டிக்கொண்டார். லோரியை எடுக்கும்முன் டயரைச் சுற்றிப் பார்க்கிற மனிதர். வசனம் முழுவதையும் ஒருமுறை படித்துவிட்டுத்தான் நிமிர்ந்தார்.

“ஏம்மா, டீச்சரு, ஜட்ஜு எல்லாம் ரேடியோவுல பேசுற மாதிரி பேசுறாங்க. இந்தத் திருடன் மட்டும் ஏன் நம்ப மாதிரி பேசுறான்?”

ஃபியோனா சொன்னாள்: [இல்லை.]
ஃபியோனா தலையைக் குனிந்து [அதுவும் இல்லை.]

எழுத முடியாமல் மேலே போய் முதலிலிருந்து படித்தேன். எனக்கு வெட்கமாகிவிட்டது. நானும் இந்தத் தோட்டத்தில் பிறந்தவன்தான். ஆனால் கதை முழுக்க நான் அச்சுத் தமிழில் நியாயம் பேசுகிறேன். ‘மண்ட காயுதுலா’ என்று அவரைத்தான் பேசவிட்டிருக்கிறேன். அந்த இடத்தில் நீங்கள் சிரித்தீர்களா? எழுதும்போது நானும் சிரித்தேன்.

ஆகவே அந்தப் பதிலை எழுத எனக்கு யோக்கியதை இல்லை. இஸ்திரி போட்ட சட்டையோடு அவர் காரில் காத்திருக்கிறார். மைக் ஓடிக்கொண்டிருக்கிறது. நீங்கள் சொல்லுங்கள். எந்தத் தமிழில் சொல்வீர்கள் என்பதையும் யோசித்துக்கொண்டு வாயைத் திறங்கள்.