எட்டு மாதக் குழந்தையின் வயது

எங்கள் ஊரில் சீனர்கள் இரண்டே பேர்தான். நானும் ஹோங்கும். ரயில் நிலையத்துக்கு எதிரே கஃபே வைத்திருந்தோம். நான் மாக் கிம்சாவ், அவன் யீ ஹோங். நான் ஒல்லி, அவன் குண்டு, எனக்கு முன்பல் இரண்டு கிடையாது. இருந்தும் ஊர்க்காரர்களுக்கு நாங்கள் இருவருமே சார்லிதான். காலையில் என்னிடம் சண்டை போட்டவன் சாயங்காலம் வந்து ஹோங்கிடம் மன்னிப்புக் கேட்பான். ஹோங்கும் பெருந்தன்மையாக மன்னித்து அனுப்பிவைப்பான். எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

குளிர்காலத்தில் பள்ளிப் பிள்ளைகள் பனிக்குள் கல்லை வைத்து உருட்டி எங்கள் கதவில் எறிவார்கள். அதே பிள்ளைகள் வளர்ந்து, பெண்டாட்டியைக் கூட்டிக்கொண்டு, மாவுக்குள் ஆப்பிளை வைத்துச் சுட்ட ஆப்பிள் பை சாப்பிட வருவார்கள். கனடாவின் இந்த சஸ்காச்சுவன் மாகாணம் முழுக்கத் தேடினாலும் ஹோங் செய்யும் பை மாதிரி கிடைக்காது. அவன் அதை ஒரு நாளும் வாயில் வைத்ததில்லை. எங்களுக்குக் கடை மூடிய பிறகு சோறும் கருவாடும்தான்.

எங்களை நாட்டுக்குள் வரவிட்ட சர்க்கார் எங்கள் குடும்பங்களை மட்டும் வரவிடவில்லை. இருபத்து நான்கு வருடம் அந்தச் சட்டம் இருந்தது. தாய்நாட்டுக்குப் போகலாம், இரண்டு வருடத்துக்குள் திரும்ப வேண்டும், ஒரு நாள் தாண்டினாலும் கதவு மூடிவிடும். அப்படி முதலில் அவனும் பிறகு நானும் போய்த்தான் கல்யாணம் செய்துகொண்டோம். ஆளுக்கொரு பெண் குழந்தை பிறந்தது. அவன் மகள் சுக்ஹா, என் மகள் பிக்வான். கையில் தூக்கிப் பழகுவதற்குள் திரும்பி வந்துவிட்டோம்.

பிறகு யுத்தம். தபாலும் போகவில்லை, பணமும் போகவில்லை. நாற்பத்து மூன்றில் எங்கள் பக்கம் வந்த பஞ்சத்தில் என் மனைவியும் பிக்வானும் போய்விட்டார்கள். அந்தச் செய்தி எனக்கு மூன்று வருடம் கழித்துத்தான் வந்தது. மூன்று வருடமாகச் செத்துப்போன குழந்தைக்கு நான் சட்டைத்துணி வாங்கிச் சேர்த்துக்கொண்டிருந்தேன். ஹோங்கின் மனைவியும் அதே பஞ்சத்தில் போனாள். சுக்ஹா மட்டும் தாய்மாமன் வீட்டில் பிழைத்துக் கிடந்தாள்.

நான் திரும்பி வந்த அன்று பிக்வான் பெயரை எழுதிக்கொண்ட குடியேற்ற அலுவலகத்துக்கு அவள் இறந்ததை நான் சொல்லவில்லை. யாரும் கேட்கவில்லை. அதைவிட, எங்கேயோ ஒரு அலமாரியில், ஒரு தாளில், என் மகள் இன்னும் உயிரோடு வளர்ந்துகொண்டிருக்கிறாள் என்று நினைக்க எனக்குப் பிடித்திருந்தது. பைத்தியக்காரத்தனம்தான். இருந்துவிட்டுப் போகட்டும்.

ஹோங்குக்கு உலகத்தில் மிச்சம் இருந்தது சுக்ஹா ஒருத்திதான். பேக்கரிக்காரரின் மகளுக்கும் அவளுக்கும் ஒரே வயசு. அந்தப் பெண் ரொட்டிக் கூடையோடு உள்ளே வந்தால் போதும், ஹோங் கதவு நிலையில் எந்த இடத்தில் அவள் தலை வருகிறது என்று பார்ப்பான். பார்த்துவிட்டு, சுக்ஹா இதைவிட ஒரு விரல் குறைவாகத்தான் இருப்பாள், அவள் அம்மா குள்ளம் என்பான். பதினாறு வருடம் இந்தக் கதையைக் கேட்டுக் கேட்டு எனக்குக் காது புளித்துவிட்டது.

யுத்தம் முடிந்து சட்டம் மாறியது. குடியுரிமை வாங்கியவர்கள் பதினெட்டு வயதுக்குக் குறைந்த பிள்ளைகளைக் கூப்பிட்டுக்கொள்ளலாம். நாற்பத்து ஒன்பது ஜனவரியில் இருவரும் பிரமாணம் எடுத்தோம். சுக்ஹாவுக்குப் பதினெட்டு ஆக இன்னும் ஒரு வருடம் இருந்தது. ஹோங் அடுத்த வாரமே மனுப் போட்டுவிட்டு, மாடி அறைக்கு வெள்ளை அடித்து, ஜன்னலுக்குப் பூப்போட்ட திரை தைத்தான். தைக்கத் தெரியாதவன் தைத்தது, ஒரு பக்கம் இழுத்துக்கொண்டு நின்றது.

செப்டம்பரில் பதில் வந்தது. கொஞ்சம் இங்கிலீஷ் படிக்கத் தெரிந்தவன் நான், அதனால் மதியக் கூட்டம் கலைந்ததும் கல்லாப் பக்கம் நின்று வாசித்தேன். மனுதாரர் ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பது நவம்பரில் கனடாவிலிருந்து புறப்பட்டார். முப்பத்திரண்டு அக்டோபரில் திரும்பியபோது, தனக்கு இரண்டு வயதில் ஒரு மகள் இருப்பதாக அதிகாரியிடம் தானே சொல்லியிருக்கிறார். அப்படியானால் அந்தக் குழந்தை அவர் இங்கிருந்து புறப்படுவதற்கு முன்பே பிறந்திருக்கிறது. ஆகவே அது அவர் குழந்தையாக இருக்க முடியாது. தவிர, இப்போது அதற்குப் பத்தொன்பது வயதும் ஆகிறது.

நான் தாளைக் கீழே வைத்தேன்.

"டேய், எட்டு மாசக் குழந்தைக்கு ரெண்டு வயசுன்னா சொன்னே?"

"ரெண்டு வயசுதானேண்ணே?" என்றான் ஹோங். "பொறந்தப்ப ஒண்ணு. மூணாம் நாள் புதுவருசம். ரெண்டு."

எங்கள் பக்கம் யாரைக் கேட்டாலும் அதைத்தான் சொல்வார்கள். வயிற்றில் இருந்த காலமும் கணக்கு, அதனால் பிறந்ததுமே ஒரு வயசு. புதுவருடம் பிறந்தால் ஊரில் உள்ள எல்லோருக்கும் ஒரு வயசு ஏறும், மூன்று நாள் குழந்தைக்கும் ஏறும். துறைமுகத்தில் அதிகாரி பிள்ளைக்கு என்ன வயது என்று கேட்டார், இவன் உண்மையைச் சொன்னான். நான் திரும்பி வந்தபோது மொழிபெயர்த்தவர் பாதிரியார் ஒருவர். எந்த மாதம், எந்தத் தேதி என்று நோண்டி நோண்டிக் கேட்டு, வெள்ளைக்காரக் கணக்கில் எழுதவைத்தார். அன்றைக்கு அவரை மனதுக்குள் திட்டினேன். அவ்வளவுதான் எனக்கும் ஹோங்குக்கும் உள்ள வித்தியாசம்.

நகரத்து வக்கீலிடம் போனோம். அவர் கதையைக் கேட்டு விழுந்து விழுந்து சிரித்தார், பிறகு நல்ல மனிதராகவே கடிதம் எழுதிக் கொடுத்தார். மனுதாரர் தானே கொடுத்த வாக்குமூலம், மாற்ற இயலாது என்று மூன்று வரியில் பதில் வந்துவிட்டது. முகத்தைப் பார்த்து எங்கள் இருவருக்கும் வித்தியாசம் கண்டுபிடிக்கத் தெரியாதவர்கள், பதினேழு வருடத்துக்கு முன்னால் யார் எதைச் சொன்னான் என்பதை மட்டும் அச்சாகப் பத்திரப்படுத்தி வைத்திருந்தார்கள்.

அதற்குப் பிறகு ஹோங் பேச்சைக் குறைத்துவிட்டான். பை மாவில் உப்பை அள்ளிப் போட்டான். தினமும் பை தின்னும் போலீஸ்காரர் டன்பர்கூட, என்ன சார்லி, காதல் தோல்வியா என்று கேட்டுவிட்டுப் போனார். பேக்கரிக்காரரின் மகள் வந்தால் ஹோங் உள்ளே போய்விடுவான். ஒருநாள் வெங்காயம் நறுக்கிக்கொண்டே, அவள் என் பிள்ளை இல்லை என்று நானே எழுதிக் கொடுத்துவிட்டேன் அண்ணே என்றான். வெங்காயத்தின் மேல் பழியைப் போட்டு அழுதான்.

எனக்கு வழி தெரியும். முதல் கடிதம் வந்த அன்றே தெரியும். சொல்லத்தான் மனம் வரவில்லை. என் மகளின் தாள் சுத்தமாக இருந்தது. தேதி சரி, வயது பதினைந்து, தகப்பன் குடிமகன். ஒரு பெண் அந்தத் தாளைப் பிடித்துக்கொண்டு வந்து இறங்கலாம். மற்ற ஊர்களில் எத்தனையோ பேர் அப்படிச் செய்திருக்கிறார்கள். ஆனால் அந்தத் தாளைக் கொடுத்துவிட்டால் பிக்வான் எனக்கு எங்கேயும் இருக்க மாட்டாள். நவம்பர் முழுக்க நான் கருமியாக இருந்தேன். டிசம்பரில் ஒருநாள் ஹோங் மாடி ஜன்னல் திரையைக் கழற்றி மடித்து வைப்பதைப் பார்த்தேன்.

"டேய், அதை மாட்டு," என்றேன். "அவ என் மகளா வரட்டும்."

அவன் திரையை மறுபடி மாட்டினான். பிறகு தரையில் உட்கார்ந்து என் காலைத் தொடப் போனான். நான் ஒரு உதை விட்டேன்.

ஹாங்காங்கில் கனடா அதிகாரிகள் கேள்வி மேல் கேள்வி கேட்பார்கள். அதற்காக பிக்வானைப் பற்றித் தெரிந்ததையெல்லாம் நான் எழுதி அனுப்ப வேண்டும், சுக்ஹா மனப்பாடம் செய்ய வேண்டும். பேனாவை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தேன். பத்து வரியில் முடிந்துவிட்டது. பத்து மாதக் குழந்தையாக விட்டு வந்தவளைப் பற்றி அவ்வளவுதான் எனக்குத் தெரியும். இடது முழங்காலில் ஒரு தழும்பு, கோழியைக் கண்டால் பயம், அப்புறம் அவள் அம்மா கடிதத்தில் எழுதிய நாலைந்து விஷயம். மிச்சத்தை நானே கற்பனை செய்தேன். சர்க்கரைவள்ளிக் கிழங்கு பிடிக்கும், கையெழுத்து அழகு, கொஞ்சம் வாயாடி என்று எழுதினேன். எழுதி முடித்தபோது எனக்கு ஒரு முழு மகள் இருந்தாள். அவளைத்தான் உறையில் போட்டு ஒட்டி அனுப்பினேன்.

அதே உறையில் ஹோங் ஒரு சின்னத் தாள் வைத்தான். என்னிடம் காட்டினான். ரயில் நிலையத்தில் சாம்பல் நிறத் தொப்பி போட்டவரை அப்பா என்று கூப்பிடு, பக்கத்தில் நிற்பவரைப் பார்க்காதே, பார்த்தால் நீ அழுதுவிடுவாய் என்று எழுதியிருந்தான்.

ஐம்பது ஜூனில் அவள் வந்தாள். பிளாட்பாரத்தில் பாதி ஊர் நின்றது. எங்கள் ஊர்ப் பாதிரியாரின் மனைவி கேக் சுட்டுக் கொண்டுவந்திருந்தார். டன்பர் சீருடையில் வந்து என் முதுகில் தட்டி, வாழ்த்துகள் சார்லி என்றார். இருபது வருடம் எங்கள் கதவில் கல்லெறிந்த ஊர் அன்றைக்கு எனக்காகக் கைதட்டியது, எனக்குக் கோபமும் வந்தது, அழுகையும் வந்தது. ஹோங் மூட்டை தூக்க வந்தவன்போல இரண்டடி பின்னால் நின்றான்.

அவள் இறங்கினாள். அவள் அம்மாவைப் போலக் குள்ளம்தான், பதினாறு என்றால் யாரும் நம்புவார்கள், ஹோங்கின் மூக்கு. தொப்பியைப் பார்த்தாள், நேராக என்னிடம் வந்து குனிந்து வணங்கினாள்.

"அப்பா," என்றாள்.

அவள் பக்கத்தில் பார்க்கவில்லை. ஹோங் அவள் பெட்டியைத் தூக்கிக்கொண்டு முன்னால் நடந்தான். அவன் தோள் குலுங்கியது. பாதிரியாரின் மனைவி அதைப் பார்த்துவிட்டு, உன் கூட்டாளிக்கு எவ்வளவு நல்ல மனசு என்று என்னிடம் சொன்னார்.

சாயங்காலம் கேக் வெட்டியவர்கள் கிளம்பிப் போனார்கள். வெளியே இன்னும் வெயில் அடித்துக்கொண்டிருந்தது. கடைக் கதவைப் பூட்டி, சமையலறைத் திரையை இழுத்துவிட்டு, இவர்தாம்மா உன் அப்பா என்றேன். அவளுக்குச் சொல்ல வேண்டியதே இல்லை. தேநீர் ஊற்றி, மண்டியிட்டு, இரண்டு கையாலும் அவனிடம் நீட்டினாள். பதினெட்டு வருடமாக இந்த நிமிடத்துக்கு அவன் என்னென்ன பேச்சு ஒத்திகை பார்த்திருந்தான் என்று எனக்குத் தெரியும். அவன் கேட்டதோ, சாப்பிட்டியா என்றுதான்.

நான் ஒரு ஏற்பாடு சொன்னேன். கடையில் நான் அப்பா, திரைக்கு இந்தப் பக்கம் அவன் அப்பா. ஹோங் கோப்பையைக் கீழே வைத்தான்.

"வேண்டாண்ணே. அவளுக்கு இருக்கறது ஒரு வாய். ஒரு தடவை மாறி வந்துட்டா, கல்லாவுக்கு முன்னால டன்பர் உக்காந்திருப்பான். புள்ளையைத் திருப்பி அனுப்பிடுவாங்க." அவளைப் பார்த்தான். "என்னை எப்பவும் சித்தப்பான்னே கூப்பிடு, கண்ணு. உள்ளயும் அப்படித்தான். தூக்கத்துலயும் அப்படித்தான்."

அவள் வாய் இரண்டு முறை திறந்து மூடியது.

"சரிங்க சித்தப்பா," என்றாள்.

அவன் தலையை ஆட்டினான். கோப்பைகளை எடுத்துக் கழுவப் போனான். மூன்று கோப்பையைக் கழுவ அவனுக்கு அரை மணி நேரம் ஆயிற்று.

மறுநாள் காலை எட்டு மணிக்குக் கடை நிறைந்திருந்தது. டன்பர் தன் இடத்தில் உட்கார்ந்து பை சாப்பிட்டுக்கொண்டிருந்தார். நான் காப்பி ஊற்றிக்கொண்டிருந்தேன், ஹோங் அடுப்பில் முட்டை பொரித்துக்கொண்டிருந்தான். அவள் பின்கட்டிலிருந்து குரல் கொடுத்தாள்.

"அப்பா, மாவு எங்க இருக்கு?"

ஹோங்கின் கை நின்றது. நான்தான் பதில் சொல்ல வேண்டும். கீழ்த் தட்டில் இருக்கிறது கண்ணு, இதோ வருகிறேன் என்றேன். சொல்லிவிட்டு பின்கட்டுக்குப் போகும்போது அவனைக் கடந்துதான் போக வேண்டியிருந்தது. அவன் என்னைப் பார்க்கவில்லை, முட்டையையே பார்த்தான். முட்டை கருகிக்கொண்டிருந்தது. எனக்கு அவன்மேல் பரிதாபம் வந்திருக்க வேண்டும். வரவில்லை. நான் சந்தோஷமாக இருந்தேன். அதை அவனிடம் இன்றுவரை சொல்லவில்லை.