முன்வரிசை நாற்காலி

அடுத்த ஆள் வாசலில் தெரிந்ததும் லென்ஹுவா மறுபடி மண்டியிட்டாள். சாவு வீட்டுக்கு யார் வந்தாலும் பிள்ளைகள் மண்டியிட வேண்டும்; வந்தவர் கைகொடுத்துத் தூக்குவார். காலையிலிருந்து முட்டி தேய்ந்துபோயிருந்தது. உள்ளே அப்பா பெட்டியில் கிடந்தார்.

பொழுது சாயும் வேளையில் தாவ் கிழவர் வந்தார். பின்னாலேயே படம் காட்டுகிறவன் வெள்ளைத் திரையைச் சுமந்துவந்தான்.

"சாவுக்கு ஊர் வழக்கப்படி போடுற படம் என் செலவும்மா. ஜப்பான்காரன் ஹெங்யாங்கை முற்றுகை போட்ட படம். உங்கப்பா நாப்பத்தேழு நாள் விடாம நின்ன ஊரு. நம்மூர் வீரனுக்கு இதுகூடச் செய்யலேன்னா எப்படி?"

அண்ணன் ஷிபிங் மண்டியிட்டான். தாவ் அவனைத் தூக்கிவிட்டு இவள் பக்கம் கையை நீட்டினார். லென்ஹுவா நின்றபடியே இருந்தாள்.

"முட்டி போடு," அண்ணன் பல்லைக் கடித்தான். "ஊரே பாக்குது."

"அன்னிக்கும்தான் ஊரே பாத்துச்சு."

"முப்பத்தஞ்சு வருசக் கதை. அப்பாவே வாயத் தொறக்கல, உனக்கென்ன?"

அன்று அவளுக்கு ஒன்பது வயது. ஊர்த் தலைவராயிருந்த தாவ், அதே ஹெங்யாங்கில், பின்னால் ஆட்சியை இழந்த கட்சியின் படையில் நின்று சண்டை போட்ட குற்றத்துக்காக, 'எதிரிக் கட்சிச் சிப்பாய்' என்று தன் கையாலேயே எழுதிய பலகையை அப்பாவின் கழுத்தில் கம்பியால் மாட்டிக் கதிரடிக்கும் களத்தில் நிறுத்தினார். அப்பா அதை எறியவில்லை. எழுத்தைக் கீழாகக் கவிழ்த்து, உப்பில் கீரை ஊறும் ஜாடிக்கு மூடியாக்கினார். "நல்ல மரம்" என்றார், அவ்வளவுதான்.

லென்ஹுவா அடுக்களைக்குப் போனாள். பலகையை எடுத்து, துக்கத்துக்குத் தலையில் கட்டியிருந்த வெள்ளைத் துணியாலேயே துடைத்தாள். இத்தனை வருசம் ஊறியும் மை அழியவில்லை. முன்வரிசையில் தாவுக்கென்று போட்டிருந்த நாற்காலியில் எழுத்து மேலே தெரிய வைத்தாள்.

படம் தொடங்கியது. தாவ் உட்கார வந்தவர் குனிந்து பார்த்தார். நீட்டிய கை பலகையைத் தொடாமல் திரும்பியது.

"உக்காருங்க மாமா," என்றாள். "உங்க கையெழுத்துதான்."

திரையில் இளம் சிப்பாய்கள் இடிந்த சுவருக்குப் பின்னால் பதுங்கியிருந்தார்கள். அவர்கள் நடுவே தாவின் தலை நிழல் விழுந்தது.

"யோவ், மறைக்குது, உக்காரு," பின்னாலிருந்து ஒருவன் கத்தினான்.

"செலவு பண்ணவருடா, நின்னுதான் பாப்பாரு."

சிரிப்பு எழுந்தது. நிழல் அசையவில்லை.

லென்ஹுவா அடுக்களைக்குத் திரும்பினாள். வெளியே படத்தில் பீரங்கி வெடித்தது. திறந்து கிடந்த ஜாடிமேல் ஒரு தட்டைக் கவிழ்த்தாள். அது சரியாகப் பொருந்தவில்லை.