கபரஸ்தானுக்குப் போகாத பாதம்

நசருல்லாவின் வலது பாதம் வியாதியில் வீங்கி, துளைவிட்டுக் கறுப்புக் குருணை உதிர்த்தது. அதை வெட்டி எடுக்க வேண்டும் என்றானபோது, அவன் கேட்டுக்கொண்டது ஒன்றே ஒன்றுதான். பாதத்தைத் தன்னிடம் கொடுத்துவிட வேண்டும். உடம்பில் இருந்தது எதுவானாலும் மண்ணுக்குப் போய்ச் சேர வேண்டும் என்பது அவர்கள் வழக்கம்.

"அதுக்கென்ன பாய், தாராளமா எடுத்துகினு போ," என்றார் டாக்டர் வீரபத்திரன். அந்தச் சொல்லை நம்பித்தான் காகிதத்தில் கைநாட்டு வைத்தான். என்ன எழுதியிருக்கிறது என்று கேட்கவில்லை. நாற்பத்தாறாம் வருஷத்துத் திருத்தணியில் டாக்டரைக் கேள்வி கேட்க யாருக்குத் துணிச்சல் இருந்தது?

வெள்ளைத்துணியில் கட்டிக் கொடுத்ததை மச்சினன் ஜலால் வாங்கிப் போனான். உயிரோடிருப்பவனின் உறுப்பைக் குளிப்பாட்ட வேண்டியதில்லை, சுற்றிப் புதைத்தால் போதும் என்று பள்ளிவாசலில் சொல்லிவிட்டார்கள். அதனால் யாரும் கட்டை அவிழ்க்கவில்லை. கோலூன்றி நடக்கப் பழகியதும் நசருல்லா வெள்ளிதோறும் கபரஸ்தானுக்குப் போய் நின்றுவிட்டு வந்தான். தன் காலைத் தானே பார்க்கப் போகிற மனுஷன் என்று ஊரே கேலி பேசியது. அவனும் கூடச் சேர்ந்து சிரித்தான்.

பத்து மாசம் கழித்து டாக்டர் ஆளனுப்பினார். மதராஸிலிருந்து வந்த இரண்டு பெரிய டாக்டர்கள் அவன் காலைப் பார்க்க வேண்டுமாம். போனால், மேசைமேல் ஒரு கண்ணாடி ஜாடி. உள்ளே வீங்கிய பாதம், கறுப்புக் குருணை உதிர்ந்த துளைகளோடு. பாவம், எவனுக்கோ நம் வியாதி என்று முதலில் பரிதாபப்பட்டான். அப்புறம்தான் பெருவிரலில் கோடாலித் தழும்பைப் பார்த்தான். விறகு பிளக்கும்போது தானே போட்டுக்கொண்ட வெட்டு.

"அப்போ நாங்க பொதச்சது இன்னா?"

கம்பவுண்டர் கண்ணையன் தலையைக் குனிந்துகொண்டான். "செங்கல்லும் பஞ்சும், பாய்."

"இது ஆராய்ச்சிக்கு, நசருல்லா," என்றார் டாக்டர், கொஞ்சமும் கூசாமல். "நாளைக்கு நூறு பேரு கால் தப்பிக்கும். நீதானே கைநாட்டு வச்சே?"

"குடுத்துடுங்க. எடுத்துகினு போறேன்."

"அது இனிமே மதராஸ் மெடிக்கல் காலேஜுக்குச் சொந்தம்ப்பா." டாக்டர் குரலைத் தணித்தார். "சரி, நீயே சொல்லு. அன்னைக்கு உன்னைக் கேட்டிருந்தா குடுத்திருப்பியா?"

நசருல்லா நிஜமாகவே யோசித்துப் பார்த்தான். கொடுத்திருக்கலாம். மாட்டேன் என்றும் சொல்லியிருக்கலாம்.

"தெரியலிங்க. அத யோசிக்க வேண்டியவன் நானு. அதையும் சேத்துல்ல எடுத்துகினீங்க."