எண்களில் அழுதவள்

கீரைக்காரன் ஒத்தாவியோவுக்கு ஒந்தினா லோருசோவைப் பார்க்கும்போதெல்லாம் ஒரே சந்தேகம்தான்.

"என்னம்மா, தொண்டை இன்னும் சரியாகலையா?"

"தொண்டைக்கு ஒண்ணுமில்ல. என் குரலே இதுதான்."

"அட போங்கம்மா. ஞாயித்துக்கிழமை கொட்டகையில கேட்டேனே, தேனா ஒழுகுச்சு. இந்தாங்க, சுடுதண்ணியில பிழிஞ்சு குடிங்க" என்று இரண்டு எலுமிச்சம்பழத்தைச் சும்மாவே பையில் போடுவான்.

அவள் மறுக்க மாட்டாள். அறுபதை நெருங்குகிற வயதில், விடியற்காலை டிராமுக்கு ஓடி, நாள் முழுக்க ஸ்டுடியோ விளக்குச் சூட்டில் நின்று திரும்புகிறவளுக்குச் சந்தையில் நின்று விளக்கம் சொல்லத் தெம்பு ஏது? வீட்டில் எலுமிச்சம்பழம் குவிந்து கிடந்தது.

படக்காரர்களின் வழக்கம் ரோமில் எல்லோருக்கும் தெரியும். கொட்டகையில் விளக்கணைந்ததும் எல்லோரும் அதை மறந்துவிடுவார்கள், அவ்வளவுதான். படம் பிடிக்கும்போது யார் என்ன பேசினாலும் கவலையில்லை. பக்கத்திலேயே தச்சன் ஆணி அடித்துக்கொண்டிருப்பான். பேச்சையெல்லாம் பிறகு ஓர் இருட்டறையில் வேறு ஆட்கள் வந்து ஒட்டுவார்கள். ஆகவே உப்புக்குச் சப்பாணி வேடக்காரர்களுக்கு வசனம் என்று ஒன்று கையில் வராது. "எண்ணுங்க" என்பார்கள். ஒன்று, இரண்டு, மூன்று என்று வாயசைத்தால் போதும். கோபம் என்றால் கோபமாக எண்ண வேண்டும், பாசம் என்றால் பாசமாக.

ஒந்தினா எண்ணியே மகளுக்குச் சம்பந்தம் பேசியிருக்கிறாள். எண்ணியே வேலைக்காரியைத் திட்டியிருக்கிறாள். கன்னியாஸ்திரீ உடுப்பில் மண்டியிட்டு, ஆண்டவரிடம் முப்பத்திரண்டு, முப்பத்திமூன்று என்று உருகியிருக்கிறாள். படத்தில் அவள் வாயைத் திறந்தால் வருவது விட்டோரினா கசேல்லியின் குரல். இருபது வருஷமாக அப்படித்தான்.

ஆனால் ஒந்தினா குரலால் பிழைத்தவள். தெற்கே பாரி நகரத்து மீன் சந்தைக்குப் பின்னால் பிறந்து, பதினேழு வயதில் ஊர் ஊராகப் போகும் நாடகக் குழுவில் சேர்ந்தாள். அங்கே மைக் ஏது? மேல்மாடத்தில் நின்று கடலை கொறிக்கிறவன் கொறிப்பதை நிறுத்த வேண்டும். அவள் பேசினால் நிறுத்துவான். போருக்குப் பிறகு குழுக்கள் கலைந்தன. சினிமா அவள் முகத்தை வாங்கிக்கொண்டு குரலைத் திருப்பிக் கொடுத்துவிட்டது. கரகரப்பு, அதோடு தெற்கத்திப் பேச்சு, தாய் வேடத்துக்கு ஒத்துவராது என்றார்கள். தெற்கே தாய்மாரே கிடையாது போலிருக்கிறது.

சாவதற்குள் ஒரு படத்திலாவது தன் குரலைக் கேட்டுவிட வேண்டும் என்ற ஒரே ஆசையை அவள் யாரிடமும் சொன்னதில்லை. கேட்டால் சிரிப்பார்கள் என்று பயம்.

அப்படியிருக்க, இயக்குநர் பெர்ரத்தி தானாகவே வந்து கேட்டார். அவருடைய புதுப் படத்தில் ஒரு தாய், மகன்மேல் கொலைப்பழி, நீதிபதி முன்னால் அவள் நின்று பேசுகிறாள். முழுசாக இரண்டு பக்க வசனம்.

"இந்தத் தடவை எண்ண வேண்டாம்மா. வசனத்தையே பேசுங்க. குரலும் நீங்கதான் குடுக்கறீங்க. அந்தப் பொம்பளை தெற்கத்திக்காரி. எனக்கு உங்க குரல்தான் வேணும்."

ஒந்தினா சரி என்று தலையாட்டினாள். டிராமில், அடுப்படியில், தேவாலயத்துப் பின்வரிசையில் என்று அந்த இரண்டு பக்கத்தையும் உருப்போட்டாள். படப்பிடிப்பன்று உடுப்புக்காரி ஊதா நிறச் சால்வையை நீட்டியபோது அதை அப்படியே திருப்பி எறிந்தாள்.

"நாடகக்காரிக்கு ஊதாவைக் குடுக்கறியே, விளங்குமா?"

ஈஸ்டருக்கு முந்தைய நோன்புக் காலத்தில் கோயிலெல்லாம் ஊதாத் துணி தொங்கும். அந்நாளில் நாடகக் கொட்டகைகளை மூடிவிடுவார்கள், நடிகர்கள் வயிற்றில் ஈரத்துணிதான். அந்தப் பயம் இன்னும் அவளை விடவில்லை. உடுப்புக்காரி முணுமுணுத்துக்கொண்டே கறுப்புச் சால்வை கொண்டுவந்தாள். ஒந்தினா நன்றாகவே பேசினாள்.

விட்டோரினாவிடம் சொல்லத்தான் கூச்சமாக இருந்தது. காப்பிக்கடையில் வைத்து மென்று விழுங்கிச் சொன்னாள். விட்டோரினா ஒல்லிக்குச்சி உடம்புக்காரி, பிளாரன்ஸ்காரி. ஓயாமல் சிகரெட் பிடிப்பாள். அந்தப் புகைக்குள்ளிருந்து எப்படித்தான் தேன் வருமோ.

"போடி இவளே. இதுக்கா இந்த முழி முழிக்கற? இருபது வருஷமா உன் வாய்க்குள்ள குடியிருக்கேன். எனக்கும் வெளியில காத்து வாங்கணும்னு இருக்காதா?"

"உன் பிழைப்பைக் கெடுக்கறேன்னு நினைச்சுக்காதே."

"என் பிழைப்பா? இந்த வாரம் மட்டும் ஒரு சீமாட்டி, ரெண்டு விபசாரி, ஒரு பேசற கழுதை. நீ ஒருத்தி போனா நான் நிம்மதியா மூச்சு விடுவேன்."

இருட்டறையில் ஒந்தினா தன் முகத்துக்குத் தானே பேசினாள். முதலில் உதடும் சொல்லும் ஒட்டவில்லை. பிறகு ஒட்டியது. முடிந்ததும் கண்ணாடிக்குப் பின்னால் பெர்ரத்தி எழுந்து நின்றார். அன்று வீட்டுக்கு வந்து இருந்த எலுமிச்சம்பழத்தையெல்லாம் அடுத்த வீட்டுக்காரிக்குக் கொடுத்தாள்.

படம் வெளிவருவதற்கு முன்னால் ஜனங்கள் எப்படிப் பார்க்கிறார்கள் என்று தெரிந்துகொள்ள, விதேர்போ ஊரில் ஒரு கொட்டகையில் ஓட்டினார்கள். ஒந்தினா தலையில் துணி கட்டிக்கொண்டு கடைசி வரிசையில் உட்கார்ந்தாள். அவள் முகம் திரையில் வந்ததும் கொட்டகையே கைதட்டியது. அந்த முகத்தை அவர்களுக்கு வீட்டு அத்தையைப் போலத் தெரியும். நீதிபதி கேட்டார். ஒந்தினா வாயைத் திறந்தாள்.

யாரோ களுக்கென்று சிரித்தார்கள்.

"இது யாரு குரல்யா? மாத்திப் போட்டுட்டானுங்க."

"எந்த மீன்காரியைப் புடிச்சானுங்களோ."

"டேய், எங்க அம்மா குரலைப் போடுங்கடா" என்று மேல்மாடத்திலிருந்து ஒருவன் கத்தினான். அவ்வளவுதான், இருக்கைகளை உதைக்க ஆரம்பித்துவிட்டார்கள். அவமானப்படுத்தவேண்டும் என்று செய்யவில்லை. அவள்மேல் உள்ள பிரியத்தில்தான் உதைத்தார்கள். தங்கள் ஒந்தினாவின் குரலை எவனோ திருடிவிட்டான் என்று அவளுக்காகச் சண்டை போட்டார்கள். வைதிருந்தால்கூடத் தாங்கியிருப்பாள். இதை எங்கே கொண்டுபோய் வைப்பது? வசனம் அத்தனையும் சொல்லிமுடிக்கும் வரை திரையில் அவள் பேசிக்கொண்டே இருந்தாள், ஒரு சொல்லும் யார் காதிலும் விழவில்லை.

மறுநாள் பெர்ரத்தி வீட்டுக்கே வந்தார். நாற்காலி நுனியில் உட்கார்ந்து தொப்பியைச் சுற்றிக்கொண்டிருந்தார்.

"உங்க குரலுக்குத் தயாரிப்பாளர் ஒத்துக்க மாட்டேங்கறார்மா. நான் சண்டை போட்டுப் பார்த்தேன்."

"தெரியும். காப்பி ஆறிடப் போகுது, குடிங்க."

"உங்களுக்குக் கோபம் வரணும்."

"வரணும்தான். அதுக்கும் உடம்புல பலம் வேணும்ல."

சாயங்காலம் விட்டோரினா மூச்சிரைக்க நான்கு மாடி ஏறி வந்தாள்.

"என்னையே பேசச் சொல்றாங்க. என்னால முடியாதுன்னு சொல்லிடறேன்டி. நீ ஒரு வார்த்தை சொல்லு."

"நீ மாட்டேன்னா இன்னொருத்தி வருவா. அவளுக்கு என் மூக்கு எப்போ விடைக்கும்னு தெரியுமா? நீயே பேசு."

விட்டோரினா அழுதாள். ஒந்தினாவுக்கு அழுகை வரவில்லை. அடுப்பைப் பற்றவைத்து, இருந்த கசப்புக்கீரையைப் பூண்டு போட்டு வதக்கினாள். ரொட்டியோடு இருவரும் தின்றார்கள். நீதிமன்றப் பேச்சில் எங்கே மூச்சு வாங்க வேண்டும் என்று விட்டோரினா கேட்டாள். ஒந்தினா தட்டில் விரலால் தட்டிக் காட்டினாள்.

படம் நன்றாக ஓடியது. பத்திரிகைகள் ஒந்தினாவைக் கொண்டாடின. முக்கியமாக அந்தக் குரலை. இப்படியொரு தாயின் குரலை இத்தாலி கேட்டதில்லையாம். ஒத்தாவியோ பத்திரிகையை மடித்துக் கையில் கொடுத்து, கூடவே எலுமிச்சம்பழமும் போட்டான்.

அந்தக் குளிர்காலத்திலேயே இன்னொரு படம், இன்னொரு தாய். மகன் சுரங்கத்தில் செத்துக் கிடக்கிறான், தாய் பிணத்தின்மேல் விழுந்து புலம்ப வேண்டும். உடுப்புக்காரி பழக்கதோஷத்தில் அதே ஊதாச் சால்வையை நீட்டிவிட்டு நாக்கைக் கடித்துக்கொண்டாள். ஒந்தினா அதை வாங்கிப் போர்த்திக்கொண்டாள். குளிராக இருந்தது.

காட்சிகளையும், யார் எத்தனை வரை எண்ணினார்கள் என்பதையும் குறித்து வைக்கும் தானிலா வந்தாள். இந்தத் தொழிலிலேயே நரைத்தவள்.

"வசனம் இன்னும் எழுதி வரலைம்மா. எப்பவும் போல எண்ணிடுங்க. இயக்குநர் நீளமாவே வேணும்னார்."

"சரி."

மைக் கூட வைக்கவில்லை. ஓரத்தில் தச்சன் ஆணி அடித்துக்கொண்டிருந்தான். காமிரா ஓடியது. ஒந்தினா அந்தப் பையனின் தலையை மடியில் எடுத்து வைத்துக்கொண்டு, ஒன்று என்றாள். மெதுவாகத்தான் சொன்னாள். இரண்டு, மூன்று. பத்துக்கு வந்தபோது தச்சன் சுத்தியலை வைத்துவிட்டான். பதினேழில் அவள் குரல் உடைந்தது. பாரி மீன் சந்தையில் புயலன்று புருஷன் படகு திரும்பாத பெண்கள் ஒப்பாரியில் இழுக்கிற இழுப்பு அது. இருபத்திரண்டை மகனிடம் கேள்வியாகக் கேட்டாள். இருபத்தி மூன்றைக் கடவுளிடம் கேட்டாள். பிறகு குரலை எடுத்து, மேல்மாடத்துக்கு எறிகிற மாதிரி எறிந்தாள். உச்சியில் விளக்குப் பிடித்திருந்த ஆள் முகத்தைச் சட்டைக் கையால் மூடிக்கொண்டான். செத்துக்கிடந்த பையனின் மூடிய கண்ணிலிருந்து தண்ணீர் வழிந்தது. போதும் என்று சொல்ல இயக்குநருக்கு வாய் வரவில்லை. பிலிம் தீர்ந்து காமிரா தானே நின்றது.

ஒந்தினா சால்வையை உதறிக்கொண்டு, முழங்காலைப் பிடித்தபடி மெல்ல எழுந்தாள்.

"தானிலா, எத்தனை வரைக்கும் போனேன்?"

தானிலா கண்ணைத் துடைத்துக்கொண்டு காகிதத்தைப் பார்த்தாள். அதில் ஒன்றுமே எழுதியிருக்கவில்லை.

"தெரியலம்மா. கேட்டுக்கிட்டே இருந்துட்டேன்."

"நல்லா இருக்கு போ. விட்டோரினா வந்து கேட்டா எவ்வளவு பேசணும்னு யாரு சொல்றது?"