ஃபிரிட்ஜுக்குள் வைத்த சாவி

தம்பி கார் சாவியைக் கொண்டுபோய் ஃபிரிட்ஜுக்குள் வைத்ததைப் பார்த்ததுமே அக்காவுக்குச் சந்தேகம் தட்டியது.

"என்னடா பண்ற?"

"ஃபிரிட்ஜ் இரையுதுக்கா, மைக்குல விழும். அதான் அணைச்சிட்டேன். சாவி உள்ள இருந்தா கிளம்பும்போது திறந்துதானே ஆகணும்? மறக்காம திரும்பப் போட்டுடுவேன். இருபது வருஷத்துல ஒருத்தர் வீட்டுப் பாலும் கெட்டதில்ல."

பால் கெட்டதில்லை, சரி. இவன் படம் எடுத்துவிட்டுப் போன வீடுகளில் வேறு என்னென்ன கெட்டதோ என்று அவள் மனதுக்குள் சொல்லிக்கொண்டாள். உப்பளத்துக்காரர்கள், பாலம் கட்டுகிறவர்கள், மூடிப்போன ஆலை என்று பன்னிரண்டு ஆவணப்படம் எடுத்தவன். படத்தில் சொல்ல முடியாததை எல்லாம் பத்திரமாக எடுத்து வைத்துக்கொண்டு நாவல் எழுதுவான்; அது மூன்று. கடைசியாக வந்த நாவலில் புருஷனை விட்டு வந்த ஒருத்தி வருகிறாள். ஊர், வேலை, முகம் எல்லாவற்றையும் மாற்றியிருந்தான். ஆனால் அவளுக்கு அழுகை வந்தால் சமையலறைக் குழாயைத் திறந்துவிட்டு, அந்தச் சத்தத்துக்குள் அழுவாள். அது அக்காவின் பழக்கம். புத்தகம் வந்த வாரமே அலுவலகத்தில் அவளைப் பார்க்கிற பார்வை மாறிவிட்டது. "அது நீ இல்லக்கா, கற்பனை" என்று வாய் கூசாமல் சொன்னான். அதற்குப் பரிசு வேறு கொடுத்தார்கள்.

இப்போது அப்பாவைப் பற்றிப் படமாம். முப்பது வருடம் ரயில் ஓட்டிய மனுஷர், போய்ச் சேர்ந்து எட்டு மாதம் ஆகிறது. அவருடைய நாற்காலியிலேயே அவளை உட்கார வைத்து, எத்தனை மணிக்கு எழுந்திருப்பார், எப்படிக் கோபப்படுவார் என்று லேசான கேள்வியாகக் கேட்டுக்கொண்டே வந்தான். அவளும் அளந்து அளந்துதான் பதில் சொன்னாள். லென்ஸைத் துடைத்தபடி, போகிற போக்கில் கேட்பதுபோல் கேட்டான்.

"கடைசி வாரத்துல என்னைக் கேட்டாராக்கா?"

"இல்ல. யாரையும் கேக்கல. தூக்கத்துலயே போயிட்டாரு."

எட்டு மாதமாகச் சொல்லிப் பழகிய பதில். குரல் பிசகவில்லை.

"சரி, அவ்வளவுதான். ஒரு நிமிஷம் பேசாம அப்படியே இரு. சும்மா இருக்கிற ரூமுக்கும் ஒரு சத்தம் இருக்கு. பேச்சை வெட்டின இடத்துல ஒட்டுப்போட அது வேணும்."

வாயைக் காவல் காக்கலாம், கண்ணை என்ன செய்வது? அது பாட்டுக்கு டெலிபோன் மேசையின் இழுப்பறைக்குப் போனது. தொண்டையில் ஆபரேஷன் ஆனபிறகு அப்பாவுக்குப் பேச்சில்லை; எல்லாம் எழுத்துதான். அந்த நோட்டு உள்ளே இருக்கிறது. கடைசி ஏழு பக்கமும் ஒரே வரி: 'தம்பி எப்போ வருவான்?' "சொல்லிட்டேம்ப்பா, வந்துக்கிட்டே இருக்கான்" என்று அவள் தினமும் தலையாட்டினாள். போனைத் தொடவில்லை. புத்தகம் வந்த புதிது. கோபம் ஆறட்டும் என்று இருந்துவிட்டாள். அப்பா காத்திருக்கவில்லை.

சட்டென்று கண்ணைத் திருப்பினாள். தம்பி கேமராவைப் பார்க்கவில்லை, அவளைத்தான் பார்த்துக்கொண்டிருந்தான். சிவப்புப் புள்ளி எரிந்துகொண்டிருந்தது.

"போதும்க்கா" என்றான். வேறொன்றும் கேட்காமல் மூட்டை கட்டினான். இரண்டு பைகளையும் தோளில் மாட்டிக்கொண்டு, வர்றேன் என்று படியிறங்கினான்.

அவள் ஓடிப்போய் இழுப்பறையைத் திறந்தாள். நோட்டைக் கிழித்துப் போட்டுவிட வேண்டும், இன்றே, இப்போதே. முதல் பக்கத்தில் கை வைத்தபோதுதான் வீடு அளவுக்கு மீறி அமைதியாக இருப்பது உறைத்தது. ஃபிரிட்ஜ் இரையவில்லை. சாவி உள்ளேயேதான் இருக்கிறது.

இருபது வருஷத்தில் மறக்காதவன் இன்றைக்கு மறந்தானா, விட்டுவிட்டுப் போனானா? என்னையே ஆழம் பார்க்கிறான் என்று பற்றிக்கொண்டு வந்தது. இதையும் எழுதுவான், நிச்சயம் எழுதுவான். ஆனால் அப்பாவின் எழுத்து, கோடு தாண்டி மேலே மேலே ஏறிப்போகிற அந்த நடுக்கம், எட்டு மாதமாக அவள் ஒருத்தி மட்டுமே பார்த்துக்கொண்டிருப்பது. அவளுக்குத் தாங்கவில்லை.

படியில் செருப்புச் சத்தம் ஏறி வந்தது. அவள் நோட்டை ஃபிரிட்ஜுக்குள் வைத்து, கடைசிப் பக்கத்தைத் திறந்து, அதன்மேல் சாவியை வைத்து, ஃபிரிட்ஜ் கதவை மூடினாள். வந்து அப்பாவின் நாற்காலியில் உட்கார்ந்துகொண்டாள்.

"சாவிய விட்டுட்டேன்க்கா."

கையில் கேமரா இருக்கிறதா என்றுதான் முதலில் பார்த்தாள். இல்லை.

"உள்ளதான் இருக்கு. போய் எடுத்துக்கோ."

ஃபிரிட்ஜ் திறக்கிற சத்தம் கேட்டது. மூடுகிற சத்தம் வரவேயில்லை. வெகுநேரம் கழித்து, சமையலறையில் குழாய் திறந்து தண்ணீர் கொட்டத் தொடங்கியது.